பிடிபட்டவர்கள் எங்கே போவார்கள்

அக்கம்பக்கத்து விடுப்பு அறிவதில் என்னை வெல்ல, பல நாட்டுச் சனம் குடியேறியிருக்கிற எங்கள் பார்க் எக்ஸ்டென்ஷனில் ஆள் இல்லை. எதிர் மாடியில் ஏன் திரைச்சீலை மாறியது, கீழ் வீட்டுக்கு ஏன் இரண்டு நாளாக ஆட்கள் வந்து போகிறார்கள் என்பதெல்லாம் எனக்கு உடனே தெரிந்தாக வேண்டும். அப்படிப்பட்டவளுக்குக் கடவுளாகப் பார்த்து ஓர் உத்தியோகம் தந்தார். என் மகள் படிக்கிற ஆரம்பப் பள்ளியில் மதிய இடைவேளையில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்கிற வேலை. செம்மஞ்சள் மேலங்கியைப் போட்டுக்கொண்டு, கழுத்தில் விசிலோடு தார் முற்றத்தில் நின்று, யார் யாரைத் தள்ளுகிறார்கள், யார் யாரோடு கோபம் என்று பார்க்க வேண்டும். சும்மா விட்டாலும் நான் அதைத்தான் பார்த்துக்கொண்டு நிற்பேன்.

ஓர் இலையுதிர் காலத்தில் அந்த முற்றத்துக்குக் கொரியா வந்து சேர்ந்தது. அதற்கு முன்பே பிள்ளைகளிடம் ஒரு விளையாட்டு இருந்தது. ஒரு பிள்ளை சுவரில் முகத்தை வைத்துக்கொண்டு பிரெஞ்சில் ‘ஒன்று, இரண்டு, மூன்று, சூரியன்’ என்று கத்தும். அது கத்தி முடிப்பதற்குள் மற்றவர்கள் பின்னாலிருந்து நாலு அடி நெருங்கிவிட வேண்டும். அது திரும்பிப் பார்க்கும்போது எல்லாரும் அசையாமல் நிற்க வேண்டும். அசைந்தவர் தொடங்கிய கோட்டுக்குத் திரும்பிப் போவார். ஒருவருக்கும் ஒரு நட்டமும் இல்லை.

பிறகுதான் அந்தக் கொரியத் தொலைக்காட்சித் தொடர் வந்தது. பெரியவர்கள் சின்னப் பிள்ளைகளின் விளையாட்டை விளையாடுவார்கள், தோற்றவரைச் சுடுவார்கள். ஒரு மாடி உயரப் பொம்மை ஒன்று பாட்டுப் போல ஏதோ சொல்லிவிட்டுத் தலையைத் திருப்பும், அந்த நேரம் அசைந்தவன் செத்தான். எங்கள் பிள்ளைகள் ஒருவரும் அதைப் பார்க்கக் கூடாத வயது. அண்ணன்மார், அக்காமாரின் போன்களில் எல்லாரும் பார்த்திருந்தார்கள். வங்காளப் பிள்ளை, ஹெய்ட்டிப் பிள்ளை, கிரேக்கப் பிள்ளை, எங்கள் பிள்ளை என்று ஒரு வித்தியாசமும் இல்லாமல் எல்லாரும் அந்தக் கொரிய வரியை ராகத்தோடு சொன்னார்கள். அதற்கு என்ன பொருள் என்று பத்துப் பேரிடம் கேட்டேன். ஒருவருக்கும் தெரியவில்லை.

பொம்மை வேலை என் மகளின் வகுப்பில் படிக்கும் ஒரு வங்காளப் பிள்ளைக்குப் போனது. இரட்டைப் பின்னல், முறைத்த பார்வை, நல்ல தொண்டை. அவள் திரும்பி விரலை நீட்டிப் பெயரைச் சொன்னால், பெயர் சொல்லப்பட்ட பிள்ளை தரையில் விழுந்து இடைவேளை முடியும் வரை பிணமாகக் கிடக்க வேண்டும். ஒவ்வொரு நாளும் முதல் பிணம் என் மகள்.

அதன் காரணம் எனக்குத் தெரியும். ஏழு வயதில் அவளுக்குக் கண் சிமிட்டல் தொடங்கியது. தொலைக்காட்சி பார்த்ததால் வந்தது என்றேன். பிறகு வலது தோள் தானாகத் தூக்கிப் போட ஆரம்பித்தது, நிமிடத்துக்கு மூன்று நாலு தரம். பள்ளிக்கூடப் பை பாரம் என்றேன். கோயிலில் ஒரு அக்கா கண்ணூறு என்று சொல்ல, செத்தல் மிளகாயைச் சுற்றி அடுப்பில் போட்டேன். புகை மணி அலறி, மேல் வீட்டுக்காரர் தீயணைப்புக்கு அடித்து, இரண்டு பெரிய வாகனங்கள் வந்து நின்றதுதான் மிச்சம்.

என் கணவர் ஒரேயொரு முறைதான் இதைப் பற்றிக் கதைத்தார். “நீர் ஒருத்தருக்கும் மூச்சு விடாதையும். பொம்பிளைப் பிள்ளை. எங்கட சனம் இதை ஊர் முழுக்கக் காவும். வளர வளரச் சரியாப் போயிடும்.”

நானும் மூச்சு விடவில்லை. ஆசிரியைக்குச் சொல்லவில்லை. தடுப்பூசிக்குப் போனபோது வைத்தியருக்கும் சொல்லவில்லை. ஊர்ப் புதினம் எல்லாம் வாயில் வைத்திருக்கிற நான் இதை மட்டும் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன்.

அவள் பிணமாகக் கிடப்பதைத்தான் பார்த்துக்கொண்டு நிற்பேன். குளிர்த் தார், தலையில் இழுத்துவிட்ட கம்பளித் தொப்பி, அதற்குள் முகம். பக்கத்தில் மற்றவர்கள் ஓடிக் களித்துக்கொண்டிருப்பார்கள். பள்ளிக்கூடம், சுடுகிற விளையாட்டுக் கூடாது என்று பெற்றோருக்குக் கடிதம் அனுப்பியது. பிள்ளைகள் விரலால் சுடுவதை மட்டும் நிறுத்தினார்கள். விழுந்து கிடப்பது தொடர்ந்தது. நான் விசிலை ஊதினால் ஒரு நொடியில் கலைந்துவிடும். மகள்தான் விடவில்லை.

“நிப்பாட்டாதேங்கோ அம்மா. என்னாலதான் நிண்டது எண்டு சொல்லுவினம். எனக்கு ஒருக்கா அசையாமல் நிண்டு வெல்ல வேணும், அவ்வளவுதான்.”

அதற்கு நான் செய்த வேலையை நினைத்தால் இன்றைக்கும் என்னை நானே அறையலாம் போலிருக்கிறது. அவளுக்குப் பயிற்சி கொடுத்தேன். பின்னேரம் சோறு வேகும் நேரத்தில் நடைவழியில் அவளை நிறுத்தி, கையில் போனை வைத்து விநாடி பார்ப்பேன்.

“ஆட்டாதை. மூச்சைப் பிடி. ஆட்டாதை எண்டெல்லே சொல்லுறன்.”

இருபது விநாடி நின்றாள். அடுத்த கிழமை முப்பது. ஒரு நாள் நாற்பதும் போனது. முகம் சிவந்து, கழுத்து நரம்பு புடைத்து நிற்பாள். முடிந்ததும் குளியலறைக்குள் ஓடிக் கதவைப் பூட்டிக்கொள்வாள். உள்ளே ஷாம்பூப் போத்தல்கள் விழுகிற சத்தம் கேட்கும். விளையாடுகிறாள் என்று நினைத்தேன். ஒரு நாள் பூட்டு சரியாக விழவில்லை. கதவைத் தள்ளிப் பார்த்தேன். அடக்கி வைத்ததெல்லாம் ஒன்றாகச் சேர்ந்து வந்து, தோள், கழுத்து, கை எல்லாம் அவளை உலுப்பிக்கொண்டிருந்தது. ஒரு கையால் கைகழுவும் தொட்டியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். நான் கதவைச் சாத்திவிட்டுக் குசினிக்குள் போய் நின்று அழுதேன். அன்றைக்குச் சோறு அடிப்பிடித்துவிட்டது.

அடுத்த நாள் பால் வாங்க மூலைக் கடைக்குப் போனேன். இங்கே அந்த மாதிரிக் கடையைத் தெப்பனர் என்பார்கள். பாலும் பியரும் லொத்தர்ச் சீட்டும் விற்கிற சின்னக் கடை. கல்லாவில் இருப்பவர் ஒரு கொரியப் பெண், என் வயதுதான் இருக்கும். இருவரும் பேசுவது பிரெஞ்சு. இரண்டு பேருடைய பிரெஞ்சும் நொண்டி. ஆகையால் அவர் சொன்னதை என் தமிழில்தான் எழுத முடியும்.

அந்தத் தொடரைப் பற்றி வாயெடுத்ததும் அவர் முகம் மாறிவிட்டது. “நான் பார்க்கவில்லை. வருகிறவர்கள் எல்லாரும் இதைத்தான் கேட்கிறார்கள். நான் பால் விற்கிறேன்.”

“தொடர் வேண்டாம். விளையாட்டைச் சொல்லுங்கள். சின்ன வயதில் விளையாடினீர்கள்தானே? அசையாமல் நிற்க உங்கள் ஊரில் என்ன வழி?”

அவர் என்னை விசித்திரமாகப் பார்த்தார். “அசையாமலா? யாரால் முடியும்? நான் எல்லா நாளும் அசைந்தேன். எல்லா நாளும் பிடிபட்டேன்.”

“பிடிபட்டால் எங்கே போவீர்கள்? தொடங்கின கோட்டுக்கா?”

“இல்லை, இல்லை.” கல்லாவுக்கு மேலால் கையை நீட்டி, என் சுண்டுவிரலைத் தன் சுண்டுவிரலால் கொளுவினார். “சுவரில் நிற்பவள் நீ. நான் பிடிபட்டேன். வந்து உன் விரலைப் பிடித்துக்கொண்டு நிற்பேன். அடுத்தவள் பிடிபட்டால் என் மற்றக் கையைப் பிடிப்பாள். பிறகு அவளுக்கு அடுத்தவள். நீளமாக ஒரு வரிசை.”

“மிச்ச ஆட்கள்?”

“வருவார்கள். அடி அடியாக, எங்களுக்காகத்தான் வருவார்கள். கிட்ட வந்து இந்த இடத்தில் வெட்டுவார்கள்.” மற்றக் கையை உயர்த்தி, கொளுவியிருந்த விரல்களைக் காட்டினார். “வெட்டினால் எல்லாரும் விடுதலை. கத்திக்கொண்டு ஓடுவோம்.”

எனக்குப் பின்னால் பியர்ப் பெட்டியோடு நின்ற மனிதருக்குப் பொறுமை போய்விட்டது. கையை நீட்டி எங்கள் விரல்களுக்கு நடுவில் ஒரு வெட்டு வெட்டிவிட்டுப் பெட்டியைக் கல்லாவில் வைத்தார். கொரியப் பெண் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை.

அந்த மனிதர் போனதும் கேட்டேன். “ஒருவரும் வராவிட்டால்?”

“வராமல் எப்படி? பிடிபட்டவர்களை விட்டுவிட்டு எப்படி விளையாட்டு முடியும்?” கொஞ்சம் யோசித்தார். “தொலைக்காட்சியில்தான் அப்படி முடிகிறது போல.”

பால் பையோடு நடந்து வரும்போது எனக்கு அந்தத் தொடர் எடுத்தவர்கள் மேல் ஒரு வியப்பு. சுவரை எடுத்திருக்கிறார்கள், திரும்பிப் பார்ப்பதை எடுத்திருக்கிறார்கள், பாட்டை எடுத்திருக்கிறார்கள். அந்த வரிக்கு ஏதோ ஒரு பூ பூத்தது என்று பொருளாம், நம்முடைய செவ்வரத்தைக்கு, அதாவது செம்பருத்திக்கு, சொந்தக்காரப் பூவாம். அதையும் கேட்டுக்கொண்டுதான் வந்தேன். விரல் கொளுவுவதை மட்டும் விட்டுவிட்டார்கள். அதை வைத்தால் ஒருவரும் சாக மாட்டார்கள், பிறகு ஏது கதை?

அடுத்த நாள் முற்றத்தில் இந்த விதியைச் சொன்னேன். பொம்மைப் பிள்ளை இடுப்பில் கை வைத்து நின்றாள். “மடாம், அது உண்மையான விளையாட்டு இல்லை. நாங்கள் பார்த்தோம்.”

“மூலைத் தெப்பனரில் இருக்கிற மடாம் சொன்னார். அவர் கொரியாவில் விளையாடியவர்.”

நம்பவில்லை. பள்ளி விட்டதும் ஏழெட்டுப் பேர் பைகளோடு கடைக்குள் நுழைந்து விசாரித்தார்கள். நான் வாசலில் நின்றேன். கொரியப் பெண் என்னைப் பார்த்து ஒரு முறை முறைத்துவிட்டு, கல்லாவை விட்டு வெளியே வந்து, எல்லாருடைய விரலையும் கொளுவிக் காட்டிவிட்டு எல்லாரையும் துரத்தினார். திரும்பி வரும்போது பொம்மைப் பிள்ளை என்னிடம், நாளைக்கு விளையாடிப் பார்க்கலாம் என்று பெரிய மனது பண்ணினாள்.

அன்றிரவு படுக்கையில் எனக்குப் பயம் பிடித்தது. பிணமாகக் கிடந்தால் தொப்பிக்குள் முகத்தையாவது மறைக்கலாம். இனி என் பிள்ளை சுவரடியில், எல்லாருக்கும் முன்னால், நின்றுகொண்டு தோளைத் தூக்கித் தூக்கிப் போடப் போகிறாள். ஒருவரும் வெட்ட வராவிட்டால் மணி அடிக்கும் வரை அப்படியே நிற்க வேண்டும். மூக்கை நுழைத்து இருந்ததையும் கெடுத்துவிட்டேனே என்று கிடந்தேன்.

மதியம் விளையாட்டுத் தொடங்கியது. பூ பூத்தது என்று பாடி முடித்துப் பொம்மை திரும்பினாள். முதல் பெயர் என் மகள்.

அவள் மெதுவாக நடந்து போய் பொம்மைப் பிள்ளையின் சுண்டுவிரலைப் பிடித்தாள். இனி அவள் அசையலாம் என்பது எனக்கே அப்போதுதான் உறைத்தது. தோள் துள்ளியது. அது துள்ளும்போது பொம்மைப் பிள்ளையின் கையும் சேர்ந்து துள்ளியது. பொம்மைப் பிள்ளை திரும்பி என் மகளின் தோளைப் பார்த்தாள், பிறகு முகத்தைப் பார்த்தாள். என்னவோ கேட்டாள். என் மகள் என்னவோ சொன்னாள். சுவரடி எனக்குத் தூரம். விசில் என் பல்லுக்கு நடுவில் இருந்தது. ஒருவர் சிரித்தால் ஊதிவிடுவது என்று நின்றேன்.

ஒருவரும் சிரிக்கவில்லை. இரண்டாவது பிள்ளை பிடிபட்டது, மூன்றாவது, ஆறாவது. வரிசை நீண்டது. கடைசியில் மிஞ்சியது றப்பர்ச் சப்பாத்துப் போட்ட ஒரு குட்டி ஹெய்ட்டிப் பிள்ளை. அவளுக்கு ஓடவே வராது. ஒரு அடி, பிறகு நிற்பாள். இன்னும் ஒரு அடி. பொம்மை எவ்வளவு முறைத்தும் அவள் அசையவில்லை. சுவருக்கு வந்து, இரண்டு கையையும் ஓங்கி, பொம்மைக்கும் என் மகளுக்கும் நடுவில் வெட்டினாள். ஏழு பேரும் கூச்சலிட்டுக்கொண்டு வேலிப் பக்கம் ஓடினார்கள். என் மகள் ஓடும்போது தொப்பி விழுந்தது. அவள் திரும்பிப் பார்க்கவில்லை.

அன்று இன்னும் மூன்று முறை ஆடினார்கள். மூன்று முறையும் முதலில் பிடிபட்டது அவள்தான். மூன்று முறையும் யாரோ வந்தார்கள்.

மணி அடித்து வரிசையில் நிற்கும்போது பொம்மைப் பிள்ளை என்னிடம் வந்து மேலங்கியைப் பிடித்து இழுத்தாள். குனிந்தேன்.

“மடாம், அவளுடைய தோள் தானாகத்தான் ஆடுகிறது. அவள் வேண்டுமென்று செய்வதில்லை. உங்களுக்குச் சொல்ல வேண்டாம் என்றாள். வீட்டில் தெரிந்தால் நீங்கள் கவலைப்படுவீர்களாம். ஆனால் நீங்கள் அவளுடைய அம்மாதானே, உங்களுக்குத் தெரிய வேண்டும் என்று நினைத்தேன்.”

எனக்கு முன்பே தெரியும் என்பதை மறைத்துவிட்டேன். நன்றி என்று மட்டும் சொன்னேன். அவள் வரிசைக்கு ஓடிப் போனாள்.

பின்னேரம் இருவரும் வீட்டுக்கு நடந்தோம். அவள் தொப்பியைக் கையில் வைத்துச் சுழற்றிக்கொண்டு வந்தாள். தோள் துள்ளியது. ‘ஆட்டாதை’ என்ற சொல் பழக்கத்தில் நாக்கு நுனி வரை வந்தது. விழுங்கினேன். அடுத்த தெருவில் மறுபடியும் துள்ளியது.

“பிள்ளை, தோள் நோகுதோ?”

அவள் நின்றாள். 

“ஓம் அம்மா,” என்றாள். “இரண்டு வருஷமா நோகுது.”