ஒட்டிக் கொடுத்த கவர்

தொண்ணூறுகளின் நடுவில், மயிலாப்பூரில் அம்மா வீட்டோடு நான் இருந்த சமயம். கணவர் கோவை குடும்ப நல நீதிமன்றத்தில் விவாகரத்து வழக்குப் போட்டு, மூன்று வயதுப் பெண்ணையும் கேட்டிருந்தார். அவளைத் தூக்கிக்கொண்டு வாய்தாவுக்கு வாய்தா ரயிலேறி அலுத்துப்போய், வழக்கைச் சென்னைக்கு மாற்றச் சொல்லி ஹைகோர்ட்டில் மனுப் போட்டேன். ஒரு வெள்ளிக்கிழமை இடைக்காலத் தடை கிடைத்தது. ஆனால் திங்கட்கிழமை கோவையில் கேஸைக் கூப்பிடும்போது அதைச் சொல்லியாக வேண்டும். ஆர்டர் காப்பி வர நாளாகும் என்பதால் வக்கீல் ஒரு கடிதம் கொடுத்தார். அது போய்ச் சேராவிட்டால் நான் இல்லாமலே தீர்ப்பாகிவிடலாம்.

அன்றைக்கென்று பார்த்து குழந்தைக்கு அம்மை போட்டுவிட்டது. வாசலில் வேப்பிலை கட்டியாயிற்று, நான் நகர முடியாது. தி.நகரில் இருந்த என் தம்பி போவதாக ஏற்பாடு.

சனிக்கிழமை காலை, நங்கநல்லூரிலிருந்து கணவரின் அக்கா வந்து நின்றார். வேப்பிலையைப் பார்த்துவிட்டு உள்ளே வரவில்லை.

"நாளைக்கு நான் கோயமுத்தூர் போறேன். நீ தடை வாங்கினது தம்பிக்குத் தெரிஞ்சுபோச்சு. காகிதம் வர்றதுக்குள்ள கேஸை முடிச்சுடணும்னு அவன் நிக்கறான். எங்கிட்ட குடு, நான் கோர்ட்ல சேத்துடறேன்" என்றார்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கல்யாணமான நாளிலிருந்து ஒரு நல்ல வார்த்தை சொல்லாதவருக்குத் திடீரென்று என்ன கரிசனம்? யார் அனுப்பியிருப்பார்கள் என்று தெரியாதா? மறுத்தால் தம்பி போகிற விஷயத்தை மோப்பம் பிடித்துவிடுவார்கள். நானும் லேசுப்பட்டவள் இல்லை. வக்கீல் பெயர் போட்ட கவரில் ஒரு வெள்ளைத்தாளை மடித்து வைத்து, கோந்து தடவி ஒட்டி, "ரொம்ப நன்றி அண்ணி" என்று நீட்டினேன். அவர் போனதும் அந்தத் திருப்தியில் இரண்டு இட்லி கூடுதலாகச் சாப்பிட்டேன்.

தம்பி போன பஸ் சேலத்துக்கிட்டே படுத்துவிட்டது. அவன் கோர்ட்டுக்குள் ஓடியபோது மணி பன்னிரண்டு. அதற்குள் நடந்ததை, வாசலில் பெயர் கூப்பிடும் டவாலிதான் அவனிடம் சொன்னாராம்.

பதினோரு மணிக்கே கேஸைக் கூப்பிட்டிருக்கிறார்கள். அண்ணி எழுந்து, கவரைப் பிரிக்காமல் அப்படியே கொடுத்திருக்கிறார். நீதிபதி பிரித்தால் வெள்ளைத்தாள். கோர்ட்டே சிரித்ததாம். என் கணவர், "அசிங்கப்படுத்தறியேக்கா" என்றாராம். அண்ணி நகரவில்லை. "குழந்தைக்கு அம்மைங்க, நான் கண்ணால பாத்தேன். ஹைகோர்ட்ல தடை வாங்கினது நிஜம். பதட்டத்துல காகிதத்தை மாத்தி வெச்சுட்டா. கொஞ்சம் பொறுங்க" என்று கையைக் கூப்பிக்கொண்டு நின்றாராம். நீதிபதி மதியத்துக்குத் தள்ளி வைத்தார். அதனால்தான் தம்பி கொண்டுபோன கடிதத்துக்கு வேலை இருந்தது.

வழக்கு சென்னைக்கு வந்தது. குழந்தையும் என்னிடமே இருந்தாள். அதற்கெல்லாம் முன்பே, குழந்தைக்கு அம்மை இறங்கித் தண்ணீர் ஊற்றிய மறுவாரம் நங்கநல்லூர் போனேன். உண்மையைச் சொல்லிவிட வாயெடுத்தேன். அண்ணி காபி டம்ளரை முன்னால் வைத்தார்.

"மாறிப்போச்சுன்னு ஜட்ஜுகிட்ட சொல்லியாச்சு. அது அப்படியே இருக்கட்டும்" என்றார்.

சந்தேக புத்தி எனக்கு இன்னும் முழுசாகப் போகவில்லை. ஆனால் கவர் ஒட்டக் கோந்தை எடுக்கும்போதெல்லாம், என் பொய்யைத் தன் வாயால் மூடிய அந்த அண்ணியை நினைத்து வெட்கமாகத்தான் இருக்கிறது.