எனக்காக விட்ட பக்கங்கள்

அந்த நோட்டில் வலது பக்கங்களில் மட்டும்தான் எழுத்து. இடது பக்கங்கள் எல்லாம் வெள்ளை. அவை எனக்காக விடப்பட்டவை. பதினைந்து வருடமாக அது எங்கள் வீட்டுத் தகரப்பெட்டியில் கிடந்தது.

கொட்டாம்பட்டிப் பக்கம் இருக்கும் எங்கள் ஊரில், வெளிநாட்டிலிருந்து வந்த ஒரு அம்மா ஒரு வருடம் தங்கியிருந்தார். மனிதர்கள் எப்படி வாழ்கிறார்கள் என்று படிக்கிற படிப்பாம். ஊரே அவரை டீச்சரம்மா என்றது. எங்கே போனாலும் என் ஆட்டோதான். என்னைவிட மூத்தவர், ஆனாலும் என்னை அண்ணே என்பார். "உனக்கு அக்கா வயசுல ஒரு தங்கச்சியாப்பா?" என்று டீக்கடையில் சிரிப்பார்கள். நான் தலையைக் குனிந்துகொள்வேன். எனக்கு நாலு பேர் முன்னால் பேச்சு வராது.

டீச்சரம்மா தன் நாட்டுக்குக் கிளம்ப ஒரு வாரம் இருக்கும்போது, எங்களைப் பற்றி எழுதியதைத் தமிழில் எழுதி அந்த நோட்டை என் கையில் கொடுத்தார்.

"எங்க ஆளுக இம்புட்டு நாளா உங்களைக் கேக்காமலே உங்களைப் பத்தி எழுதிட்டாக. அது பாதிப் படிப்புதாண்ணே. இந்தப் பக்கத்துல நீங்க எழுதுங்க. தப்புன்னா தப்புன்னு எழுதுங்க. என்னையப் பத்தியும் எழுதலாம். நீங்களும் என்னையப் பாத்துக்கிட்டுத்தானே இருந்தீக?"

எழுத்துக் கூட்டி மூன்று நாள் படித்தேன். ஒரு இடத்தில் மனசு நின்றுவிட்டது. என் அப்பா இறந்த அன்று அவர் எங்கள் வீட்டில் இருந்தார். துக்கத்துக்கு வந்தவர்கள் எங்களிடம் ஒரு வார்த்தை சொல்லாமல் எழுந்து போனதைப் பார்த்திருக்கிறார். தீட்டுக்குப் பயந்து இப்படி ஒதுங்கிப் போகிறார்கள் என்று எழுதியிருந்தார். அது அப்படி இல்லை. சாவு வீட்டில் 'போயிட்டு வாரேன்' என்று சொன்னால், அதே வீட்டுக்கு இன்னொரு சாவுக்கு வருவதாக ஆகிவிடும். எங்களுக்கு அப்படி ஒன்று வரக்கூடாது என்றுதான் வாயை மூடிக்கொண்டு போனார்கள். அன்றைக்கு ஊர் எங்கள்மேல் காட்டிய பிரியம் அது.

பேனாவை எடுத்தேன். பக்கத்தில் இருந்த கூட்டாளி, "மாப்ள, அஞ்சாப்பு படிச்ச நீயி அவுகளைத் திருத்தப் போறியாக்கும்?" என்றான். விளையாட்டாகத்தான் சொன்னான். நான் பேனாவை மூடிவிட்டேன். மறுநாள் நோட்டை டீச்சரம்மாவிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன்.

"ஒண்ணுமே எழுதலையாண்ணே?"

"எல்லாம் சரியா இருக்கும்மா."

அவர் வெள்ளைப் பக்கங்களையே கொஞ்ச நேரம் புரட்டினார். "நோட்டு உங்ககிட்டயே இருக்கட்டும்" என்று திருப்பிக் கொடுத்தார்.

மதுரையில் கல்லூரியில் படிக்கும் என் மகள் போன மாதம் நூலகத்தில், எங்கள் ஊரைப் பற்றி டீச்சரம்மா எழுதி அச்சான புத்தகத்தைப் பார்த்திருக்கிறாள். "ஏம்ப்பா, தாத்தா சாவுக்கு வந்தவுக தீட்டுன்னா நெனச்சாக?" என்று கேட்டாள். ஊர்க்காரர் ஒருவர் முழுதும் படித்துச் சரி என்று சொன்னதாக முன்பக்கத்தில் நன்றி வேறு போட்டிருக்கிறதாம். அந்த ஊர்க்காரர் நான்தான். டீச்சரம்மா கேட்காமல் எழுதியிருந்தால் பழி அவரோடு போயிருக்கும். அவர் கேட்டார். மகளை விட்டு அவருக்குக் கடிதம் அனுப்பினேன். அவர் மகன் பதில் போட்டிருந்தார். டீச்சரம்மா இறந்து நான்கு மாதம் ஆகிறதாம்.

நேற்று நோட்டை எடுத்து, அந்த இடத்துக்கு எதிரே இடது பக்கத்தில், நாங்கள் ஏன் சொல்லாமல் போகிறோம் என்று எழுதினேன். விமான நிலைய வாசலில் ஆட்டோவை விட்டு இறங்கி, எங்கள் ஊர்ப் பெண்ணைப் போலவே "போயிட்டு வாரேண்ணே" என்று அவர் சொன்னதையும் அதன் கீழே எழுதினேன். அவரைப் பற்றி நான் எழுதியது அந்த ஒரு வரிதான்.

நோட்டை மூடி வைத்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் எழுந்து வெளியே வந்தேன்.