நேதனின் பெயருக்குக் கீழே இருந்த 19

நேதன் ஷூல்மன் தன் கல்லறைக்குப் போகும்போதெல்லாம் பையில் கூழாங்கற்களை எடுத்துப் போவார். கல்லறையில் பூவுக்குப் பதிலாகக் கல் வைப்பது யூதர்களின் வழக்கம். நேதனுக்கு இன்னொரு காரணமும் இருந்தது. தரையோடு பதித்த கல்லில், தன் பெயருக்குக் கீழே இருந்த "19" ஐ மறைக்க வேண்டும்.

1994இல் அவருடைய காதலர் ஐரா எயிட்ஸில் இறந்தார். நேதனுக்கும் அதே நோய். அடுத்த கோடையைப் பார்க்கமாட்டார் என்றார் மருத்துவர். அதனால் நேதன் ஐராவின் கல்லில் தன் பெயரையும் செதுக்கச் சொன்னார். தான் இறக்கப்போகும் ஆண்டின் முதல் இரண்டு இலக்கங்களையும் போடச் சொன்னார். பிறகு வருபவர்களுக்கு வேலை மிச்சம்.

இரண்டு ஆண்டுகளில் புது மருந்துகள் வந்தன. நேதன் எழுந்து நடந்தார். இன்று அவருக்கு எழுபத்தொரு வயது. காலையில் ஒரு மாத்திரை. இரத்தப் பரிசோதனையில் கிருமி தென்படுவதில்லை. நீந்துவதற்கு மெட்ரோ பிடித்துப் பக்கத்து நகரான லவாலுக்குப் போகிறார்.

சென்ற வசந்தத்தில் அந்த 19 ஐ எடுத்துவிட முடிவுசெய்தார். துறைமுகத்துக்கு அருகே கல் பட்டறை வைத்திருக்கும் மட்டக்களப்புக்காரர் டிலான் வந்து பார்த்தார்.

"சின்ன வேலைதான். ஆனா மயானக் கந்தோரில அனுமதி எடுக்கவேணும்."

மயான அலுவலகத்தில் பொறுப்பாக இருந்த எலிசா விதியைச் சொன்னார். பழைய கல்லில் புதிதாகச் செதுக்கினால் இன்றைய விதி பொருந்தும். ஒரே கல்லில் இரண்டு பெயர் இருக்க, இருவரும் மணமுடித்திருக்க வேண்டும். ஐரா இறந்தபோது இரண்டு ஆண்கள் மணமுடிக்கச் சட்டமே இல்லை. ஒரு பெயரை அகற்ற நேரலாம்.

"விடுங்கோ நேதன்," என்றார் டிலான். "19 கிடந்திட்டுப் போகட்டும்."

நேதன் விடவில்லை.

"எலிசா, நாங்கள் புதுசா ஒரு எழுத்தாவது வெட்டுறமா?"

"இல்லை."

"எடுக்கிறம், அவ்வளவுதான். நான் போன நூற்றாண்டிலேயே செத்திட்டன் எண்டு கல் சொல்லுது. என்னைப் பார்த்தா அப்பிடியா இருக்கு?"

எலிசா சிரித்துவிட்டார். விதியை இன்னொரு முறை வாசித்தார்.

"பிழை திருத்தம் எண்டு அனுமதி தாறன். பெயர் ரெண்டும் அப்பிடியே இருக்கும்."

ஜூனில் டிலான் கல்தூளைப் பசையில் குழைத்து 19 இன் பள்ளத்தை அடைத்தார். மேலே தேய்த்து மெருகேற்றினார். வேலை முடிந்ததும் கேட்டார்:

"கந்தோருக்குத் தெரியாம 20 எண்டு வெட்டிவிடட்டா? மிச்ச ரெண்டு இலக்கத்தைப் பிறகு பார்ப்பம்."

"வேண்டாமப்பா. ஒருக்கா அவசரப்பட்டது போதும்."

நேதன் பையிலிருந்த கூழாங்கற்களை எல்லாம் ஐராவின் பெயருக்கு மேல் வரிசையாக வைத்தார். தன் பக்கத்தில் ஒன்றும் வைக்கவில்லை.