மூன்று விசிலுக்குச் சாகிறவர்கள்

இருபத்திரண்டு வருடங்களில் பாஸூ கொன்றவர்கள் பதினோராயிரத்துக்குக் குறையாது. ஒருவரையும் புதைத்ததில்லை. மொராக்கோவில் படமெடுக்கும் ஊரான வர்ஸாஸாத்தைச் சுற்றியுள்ள பொட்டலில் ரோமாபுரி எரிந்தாலும் பாபிலோன் எரிந்தாலும், அதற்குச் சாக வேண்டிய கூட்டத்தைப் பேருந்தில் ஏற்றிவருவது அவர் வேலை. திரையில் அவர் முகம் ஒருமுறைகூட வந்ததில்லை. கழுத்தில் ஒரு விசில். ஒரு ஊதலுக்கு ஓட வேண்டும், இரண்டுக்கு வெட்ட வேண்டும், மூன்றுக்கு எல்லாரும் செத்து விழ வேண்டும். அதன் பிறகும் நிற்பவனுக்கு மறுநாள் வேலை கிடையாது.

சேனையைப் பிரிக்க அவரிடம் ஒரு முறை உண்டு. இறங்க இறங்க ஒருவனுக்குச் சிவப்பு அங்கி, அடுத்தவனுக்குக் கறுப்பு. பக்கத்து இருக்கையில் வந்தவனே எதிரியாவான். சித்தப்பன் மகன் மண்டையில் எவனும் நிஜமாக ஓங்கிப் போடமாட்டான்.

அன்று உடைக்காரர்கள் முந்திக்கொண்டார்கள். தம்ஸிர்த் ஊர்ப் பேருந்து முழுக்கச் சிவப்பு, இக்ரான் ஊர்ப் பேருந்து முழுக்கக் கறுப்பு. ஒரே மேய்ச்சல் மலைக்காக நாற்பது வருடம் வெட்டிக்கொண்ட ஊர்கள் இரண்டும்.

"மாத்தினா ரெண்டு மணி நேரம் போயிடும். வெளிச்சம் நிக்காது," என்றாள் உதவி இயக்குநர்.

"மாமா, மாத்திடுங்க," என்றான் கறுப்பு அங்கியிலிருந்த ஸைத். பாஸூவின் மகளைக் கட்டியவன், இக்ரான்காரன். "அங்க பாருங்க, அந்தத் தம்ஸிர்த் உஹ்மான் இன்னிக்குத்தான் முதல்தடவை வந்திருக்கான். சிரிச்சுக்கிட்டே கல்லு பொறுக்குறான்."

"போடா. மூணு வாரம் முன்னாடிதானே நான் நடுவுல உக்காந்து சமாதானம் பண்ணிவச்சேன்? ரெண்டு ஊரும் ஒரே தட்டுல கறி தின்னாங்களே!"

"தின்னாங்க மாமா. யாருக்கு எத்தனை துண்டுன்னு எண்ணிக்கிட்டே தின்னாங்க."

தான் செய்த சமாதானத்தைத் தானே சந்தேகிப்பது எப்படி? பாஸூ விசிலை ஊதினார்.

ரப்பர் வாள்கள் முதல் அடியிலேயே வளைந்தன. அவற்றை எறிந்துவிட்டுக் கேடயங்களைத் தகர விளிம்போடு ஓங்கினார்கள்.

"எங்க ஆட்டைக் கட்டிவச்சவன் நீதானடா!"

"ஆட்டையா? உங்கப்பனையே கட்டிவச்சிருக்கணும்!"

ஒருவன் மூக்கு இரண்டாகப் பிளந்தது. இன்னொருவன் காதின் நுனி வேறொருவன் பல்லிடுக்கில் இருந்தது. ஒப்பனை இரத்தம் சர்க்கரைப் பாகு, இனிக்கும். வாயில் உப்புக் கரித்தபோதுதான் பலருக்கும் விஷயம் விளங்கியது. இயக்குநருக்கு அப்போதும் விளங்கவில்லை. உயரத்தில் நின்று கைதட்டினார்.

பாஸூ மூன்று முறை ஊதினார்.

பழக்கம் பகையைவிடப் பெரியது. நூறு பேர் அப்படியே செத்து விழுந்தார்கள். ஸைத் எல்லாரையும்விட அழகாகச் சாகத் தெரிந்தவன். கைகளை விரித்து, கண்களைத் திறந்தபடி மல்லாந்தான். உஹ்மானுக்கு விசில் பாடம் தெரியாது. அவன் மட்டும் நின்றான். கையிலிருந்த கல்லை ஸைதின் இடது கண்ணில் இறக்கினான்.

பாஸூ கூடாரக் கழியைப் பிடுங்கிக்கொண்டு பிணங்களைத் தாண்டி ஓடினார். முதல் அடியில் உஹ்மானின் தாடை விறகு போல முறிந்தது. இரண்டாவது அடி தேவையில்லாதது, அதையும் அடித்தார். மூன்றாவதற்குள் பிணங்கள் எழுந்து அவரைப் பிடித்துக்கொண்டன.

ஸைதின் இடது கண் போய்விட்டது. இரு ஊர்ப் பெரியவர்களும் கூடிப் பாஸூவுக்குத் தீர்ப்புச் சொன்னார்கள்: "அவன் அடிச்சது வேஷத்துல. நீ அடிச்சது சட்டை பேண்ட்டோட. சமாதானத்தை முறிச்சவன் நீதான்."

முறித்தவன் அடிபட்டவன் வாசலில் கிடா அறுத்து மன்னிப்புக் கேட்பது அங்கே வழக்கம். மறுத்தால் இரு ஊரும் மறுபடி கத்தியை எடுக்கும். பாஸூவுக்கு நெஞ்சு எரிந்தது.

"போயிட்டு வாங்க மாமா," என்றான் கட்டுப்போட்ட ஸைத். "இன்னொரு கண்ணு எனக்கு வேணும்."

கிடாவின் இரத்தம் வாசற்படியில் ஓடியது. தாடையைத் துணியால் கட்டிக்கொண்டு உஹ்மான் வெளியே வந்து, பல்லிடுக்கில் பேசினான்.

"அது படத்துல வருதா?"

"எது?"

"நீ அடிச்சு நான் விழுந்தேனே, அது."

ரோமாபுரியில் தோல் ஜாக்கெட் போட்ட ஆள் ஓடுவதை யார் வைத்திருப்பார்கள்? அந்தக் காட்சியை வெட்டி எறிந்ததைப் பாஸூ கண்ணால் பார்த்திருந்தார்.

"வருது," என்றார். "உன் முகம் முழுசாத் தெரியுது."

உஹ்மான் வாசற்படியை விட்டு விலகி வழிவிட்டான். "அப்புறம் ஏன் வெளியவே நிக்கிற? உள்ள வா, டீ ஆறுது."

படம் வெளிவர இன்னும் ஒரு வருடம் ஆகும். அதுவரை அந்த மலையில் இரண்டு ஊர் ஆடுகளும் மேயும்.