விருந்தாளிக்குப் பழைய முட்டை

போன வாரத்துக்கு முந்தின ஞாயிறு, காலை ஏழு நாற்பது. எங்கள் வீட்டு வாசலில் முப்பது முட்டையோடு சகுந்தலா வந்து நின்றார்.

சகுந்தலா எங்கள் தெருவில் மூன்று வீடு தள்ளி இருப்பவர். ஆம்பூரில் ஒரு ஷூ தொழிற்சாலையின் கெஸ்ட் ஹவுஸில் ஏழு வருஷமாகச் சமையல். அதற்கு முன்பு அதே தொழிற்சாலையில் ஒன்பது வருஷம் மெஷின். ஷூவுக்கு வெட்டிய தோல் துண்டுகளின் ஓரத்தைச் சீவி மெலிசாக்குகிற வேலை. நாள் முழுக்க வலது காலால் பெடல் மிதித்து மூட்டு தேய்ந்தபோதுதான் யாரோ புண்ணியவான் கிச்சனுக்கு மாற்றிவிட்டார்.

கையில் ஒரு முட்டை அட்டை, இன்னொரு கையில் ஒரு பேப்பர். என் மனைவி ஜெயந்தி காபி கொடுத்தாள். குடிக்கவில்லை. பேப்பரை என்னிடம் நீட்டினார்.

அதில் ஆங்கிலத்தில் ஐந்து அயிட்டம். வியாழக்கிழமை மதியம் ஐரோப்பாவிலிருந்து ஷூ வாங்குகிற கம்பெனிக்காரர்கள் ஐந்து பேர் சாப்பிட வருகிறார்கள். உள்ளூர் ஆட்கள் மூன்று பேர். புதிதாக வந்த மேனேஜர் தெளிவாகச் சொல்லிவிட்டாராம் - இந்த ஐந்தும் சரியாக வந்தால் சகுந்தலாவே தொடரலாம். இல்லாவிட்டால் ஒன்றாம் தேதியிலிருந்து சென்னையில் கேட்டரிங் படித்த ஆள் வருவார். சகுந்தலா மறுபடியும் மெஷினுக்குப் போகவேண்டும்.

மறுபடியும் பெடல். அந்தக் காலோடு.

சூப், மசாலா தடவாத கோழி, வேகவைத்த காய்கறி, ஃப்ரூட் சாலட் - நான்கும் அவருக்குத் தெரியும். ஐந்தாவதுதான் பிரச்னை. டெவில்டு எக்ஸ்.

"பேய் முட்டையா?" என்றாள் ஜெயந்தி.

காரம் சேர்த்த பதார்த்தத்துக்கு வெள்ளைக்காரர்கள் வைத்த பெயர் அது என்று விளக்கினேன். பெயர்தான் பெரிசு, விஷயம் சின்னது. முட்டையை வேகவைத்து, நீளவாக்கில் இரண்டாக வெட்டி, மஞ்சள் கருவை எடுத்து மசித்து, மயோனைஸ், கடுகு விழுது, கொஞ்சம் வினிகர், உப்பு, மிளகு சேர்த்து, திரும்ப அந்தக் குழியிலேயே வைக்க வேண்டும். மேலே சிவப்பாக ஒரு சிட்டிகை மிளகாய்த்தூள். அவ்வளவுதான்.

அவ்வளவுதானா?

நான் தோல் பதனிடுகிற ஒரு டேனரியின் லேபில் இருபத்து நான்கு வருஷமாக வேலை பார்ப்பவன். இந்தப் பத்தியைத் தொடர்ந்து படிப்பவர்களுக்குத் தெரியும், எதையும் அளக்காமல், குறிக்காமல் என்னால் இருக்க முடியாது. சமையல் தராசு, ஸ்டாப்வாட்ச், நோட்டு மூன்றையும் எடுத்துக்கொண்டு அடுப்படிக்குப் போனேன்.

"நோட்டு வந்துடுச்சி. இனிமே முட்டை வெந்த மாதிரிதான்" என்றாள் ஜெயந்தி.

முட்டைகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். சகுந்தலாவின் தம்பி கலவை என்கிற ஊர்ப் பக்கத்தில் சின்னதாக நாட்டுக்கோழிப் பண்ணை வைத்திருக்கிறார். சனிக்கிழமை காலை இட்ட முட்டைகளை அன்று சாயங்காலமே பைக்கில் கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார். நம் ஊரில் விருந்தாளி என்றால் கறி அன்றைக்கு அறுத்தது, மீன் அன்றைக்கு வந்தது. முட்டை மட்டும் கடையில் கிடந்ததாக இருக்கலாமா? சகுந்தலா தேடிப்போய் வாங்கியது ஊரிலேயே புதிய முட்டை.

பன்னிரண்டு முட்டை. கொதித்த தண்ணீரில் இறக்கி, ஒன்பதரை நிமிஷம். உடனே ஐஸ் தண்ணீர். எல்லாம் முறைப்படி.

முதல் முட்டையை உரித்தார். ஓட்டோடு வெள்ளைக்கருவும் பிய்ந்து வந்தது. சரி, ஒன்று அப்படித்தான் இருக்கும். இரண்டாவது... அதுவும். மூன்றாவதைக் குழாய்த் தண்ணீரில் காட்டியபடியே உரித்தார். நான்காவதைக் கரண்டி விட்டு. ஐந்தாவதை நான் உரித்தேன். அதைப் பற்றி எழுதாமல் இருப்பது நல்லது. பன்னிரண்டில் ஒன்றுகூட முழுசாகத் தேறவில்லை. அம்மை வந்து ஆறிய முகம் மாதிரி தட்டில் கிடந்தன.

மற்ற சமையலில் இது ஒரு குற்றமே இல்லை. குழம்பில் போட்டால் யார் பார்க்கப் போகிறார்கள்? ஆனால் இந்த அயிட்டத்தில் வெள்ளைக்கருதான் கிண்ணம். கிண்ணம் உடைந்தால் எல்லாம் போச்சு.

கடையில் வெள்ளை முட்டை வாங்கிப் பார்க்கலாமே என்றாள் ஜெயந்தி. சகுந்தலா தலையாட்டி மறுத்தார். நாட்டு முட்டையின் கருவில் இருக்கிற அந்த ஆரஞ்சு நிறம் அதில் வராது, வெள்ளைத் தட்டில் வைத்தால் சோகையாகத் தெரியும் என்றார். சாப்பிடுகிறவர்கள் தோலின் நிறத்தைப் பார்த்தே விலை சொல்கிறவர்கள் ஆயிற்றே.

பிறகு சகுந்தலா, உரித்த ஓடு ஒன்றைக் கையில் எடுத்து, அதன் உள்பக்கம் ஒட்டியிருந்த வெள்ளையைக் கட்டைவிரலால் தடவிப் பார்த்துக்கொண்டே இருந்தார். எனக்கு அந்தத் தடவல் தெரியும். தோலின் குறையை விரலால் தேடுகிறவர்கள் செய்வது அது.

"சார், இது சுண்ணாம்புல போடாத தோலு மாதிரி இருக்குது."

எனக்கு ஒரு நிமிஷம் புரியவில்லை. அவர் கணவர் ஏழுமலை டேனரியில் சுண்ணாம்பு டிரம்மில் வேலை செய்பவர். பச்சைத் தோலில் இருக்கிற முடியைப் பிடித்து இழுத்தால் வராது. பலமாக இழுத்தால் தோல்தான் கிழியும். அதையே சுண்ணாம்பில் ஊறப்போட்டு, உரிய நேரம் கிடக்கவிட்டால் முடி கையோடு வழுக்கிக்கொண்டு வரும். எங்கள் ஊரில் ஸ்கூல் பிள்ளைக்கும் தெரிந்த விஷயம்.

"புதுசா இருக்குதே... அதான் சார் தப்பு. இதுவும் கொஞ்ச நாள் கெடக்கணும் போல" என்றார்.

நான் நோட்டை மூடினேன்.

ஏன் என்று சொல்கிறேன். சுண்ணாம்பு செய்வது காரத்தன்மையை ஏற்றுவது. புது முட்டையின் வெள்ளைக்கருவில் காரத்தன்மை குறைவு; அதனால் வேகும்போது ஓட்டின் உள்பக்கத்து மெல்லிய ஜவ்வை அது பிடித்துக்கொள்ளும். நாள் ஆக ஆக ஓட்டின் நுண்துளைகள் வழியாக உள்ளிருக்கிற வாயு வெளியேறி, வெள்ளைக்கருவின் காரத்தன்மை தானே ஏறும், பிடி விடும். சகுந்தலா சொன்னது உவமைகூட இல்லை. கிட்டத்தட்ட அதே ரசாயனம். இருபத்து நான்கு வருஷமாகத் தினமும் சுண்ணாம்புத் தண்ணீரின் பி.எச். பார்த்து எழுதுகிறவன் நான். எனக்கு ஏன் தோன்றவில்லை?

முட்டை லேபுக்கு வரவில்லை. அதுதான் காரணம்.

போன மானத்தைக் கொஞ்சம் மீட்கலாமே என்று, வேகவைக்கிற தண்ணீரில் சமையல் சோடா போட்டால் காரத்தன்மை ஏறும் என்றேன். இரண்டு முட்டையில் செய்து பார்த்தோம். முன்னைக்குப் பரவாயில்லாமல் உரிந்தன. சகுந்தலா ஒரு துண்டை வாயில் போட்டார். சோடா வாசம் வருகிறது, இது வேண்டாம் என்றார். நானும் சாப்பிட்டேன். எனக்கு எந்த வாசமும் வரவில்லை. தீர்ப்பு அவருடையது.

மீதி பதினாறு. அவற்றை ஃப்ரிட்ஜில் வைக்காமல், எங்கள் வீட்டு அடுப்படி மூலையில், காற்றாடுகிற ஒரு கூடையில் வைத்தார். ஏன் எங்கள் வீட்டில்? அவர் வீட்டில் இரண்டு பையன்கள். கண்ணில் பட்டால் ஆம்லெட்.

நினைத்துப் பாருங்கள். வேலை போகுமா நிற்குமா என்பது வியாழக்கிழமை தெரியும். அதற்காக அவர் செய்த ஏற்பாடு - முட்டையைச் சும்மா விட்டுவைப்பது. இந்த வெயிலில் கெட்டுப்போனால்? ஜெயந்தி பயந்தாள். நான் திங்களும் செவ்வாயும் ஒன்றை மட்டும் வேகவைத்துப் பார்க்கலாமா என்று கேட்டேன்.

"டிரம்மை அடிக்கடி தொறந்து பாக்கக்கூடாதுன்னு அவர் சொல்லுவாரு சார்" என்றார். நான் பிறகு கேட்கவில்லை.

அந்த இரண்டு நாளும் அவர் சும்மா இருக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை வீணான முட்டைகளின் மஞ்சள் கருவை வைத்தே கலவையைச் சரிசெய்துவிட்டார். பன்னிரண்டு நாட்டு முட்டைக்கு மயோனைஸ் ஐந்து மேசைக்கரண்டி, கடுகு விழுது இரண்டு டீஸ்பூன், வினிகர் ஒரு டீஸ்பூன். கருவைச் சல்லடையில் தேய்த்து எடுத்தால்தான் கட்டி இருக்காது. உப்பைக் கடைசியில் ருசி பார்த்துப் போட வேண்டும். மயோனைஸிலேயே கொஞ்சம் இருக்கிறது. முதலில் செய்ததை ருசி பார்த்துவிட்டு, இதில் காரம் கம்மியாக இருக்கிறதே, பேய்க்கு என்ன மரியாதை என்று கேட்டார். ஆனாலும் மிளகாயைக் கூட்டவில்லை. சாப்பிடப் போகிறவர்கள் வேறு ஆட்கள் என்பது அவர் நினைவில் இருந்தது. நிறத்துக்கு மட்டும் காஷ்மீரி மிளகாய்த்தூள்.

புதன்கிழமை மாலை ஆறரை மணிக்கு வந்தார். முதலில் பதினாறையும் தண்ணீரில் போட்டுப் பார்த்தேன். மிதந்தால் கெட்டது. ஒன்றும் மிதக்கவில்லை, எல்லாம் அடியில் கிடந்து, அகலமான பக்கத்தை மட்டும் லேசாகத் தூக்கிக்கொண்டு நின்றன. இரண்டை மட்டும் வேகவைத்தோம். ஒன்பதரை நிமிஷம். ஐஸ் தண்ணீர்.

அகலமான பக்கத்தை மேடையில் தட்டினார். கட்டைவிரலை நுழைத்தார்.

ஓடு இரண்டே துண்டாக வந்தது.

அவர் சிரிக்கவில்லை. முட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, டேனரியில் தோலைத் தரம் பிரிக்கிறவர்களைப் போல என் முன்னால் நீட்டினார். "பாருங்க சார். செலக்‌ஷன்ல இது ஏ."

மிச்சமெல்லாம் நான் வேடிக்கை பார்த்ததுதான். ஒவ்வொரு வெட்டுக்கும் கத்தியை ஈரத்துணியால் துடைத்தார். பாதியாக வெட்டிய முட்டை தட்டில் உருளும் இல்லையா? அதன் அடியில் தோல் ஓரம் சீவுகிற அதே லாவகத்தில் ஒரு மெல்லிய சீவல் எடுத்தார். நகத்தளவுகூட இல்லை. முட்டை ஆடாமல் உட்கார்ந்தது. கலவையை ஒரு பிளாஸ்டிக் கவரில் போட்டு, மருதாணி கோன் மாதிரி சுருட்டி, நுனியை வெட்டிப் பிழிந்தார். நான்கு பாதிகளிலும் ஒரே உயரம், ஒரே சுழி. அளவுகோல் வைத்துப் பார்க்கக் கை பரபரத்தது... ஜெயந்தி முறைத்ததால் விட்டுவிட்டேன்.

வியாழக்கிழமை நான் லேபில் இருந்தேன். வேலை ஓடவில்லை. மாலை நான் வீடு திரும்பியதும், ஐந்து பத்துக்கு சகுந்தலா வந்தார். முதலில் காபி கேட்டார். ஜெயந்திக்கு அதிலேயே பாதி விஷயம் தெரிந்துவிட்டது.

பதினான்கு முட்டையும் சுத்தமாக உரிந்தனவாம். நல்லதாகப் பன்னிரண்டு எடுத்து, இருபத்து நான்கு பாதிகள், ஆளுக்கு மூன்று. தட்டு காலியாகத் திரும்பி வந்தது. ஒரு வெள்ளைக்கார அம்மாள் சாப்பிடுவதற்கு முன்னால் போனில் போட்டோ எடுத்துக்கொண்டார். எல்லோரும் போன பிறகு மேனேஜர் கிச்சனுக்கு வந்து, அடுத்த மாதமும் நீங்களே பாருங்கள் என்றார். சொல்லிவிட்டு, நாளைக்கும் நான்கு பேர் வருகிறார்கள், அந்த முட்டையையே செய்துவிடுங்கள் என்றும் சொன்னார்.

நீங்களாக இருந்தால் என்ன சொல்லியிருப்பீர்கள்? போக இருந்த வேலை கைக்கு வந்து அரை நிமிஷம்கூட ஆகவில்லை. நான் நிச்சயமாக 'சரி சார்' என்றிருப்பேன்.

சகுந்தலா, "நாளைக்கு முடியாது சார். அஞ்சு நாள் முன்னாடி சொல்லணும். முட்டை ரெடியாவணும்" என்றாராம்.

பயமாக இல்லையா என்று கேட்டேன்.

"பயமாத்தான் சார் இருந்துச்சி. சரின்னு சொல்லிட்டு வந்து, காலைல புது முட்டைய உரிச்சா கிழியும். அது எனக்குத் தெரியும். அவருக்குத் தெரியாதே. தெரிஞ்சவங்கதான சொல்லணும்?"

மேனேஜர் கோபிக்கவில்லை. எத்தனை நாள் என்று இன்னொரு முறை கேட்டுவிட்டு, சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்தாராம்.

பதினாறு வருஷமாக மேனேஜர்கள் சொன்னதைக் கேட்டு நடந்தவர் சகுந்தலா. அவர் சொன்னதை ஒரு மேனேஜர் எழுதிக்கொண்டது இதுதான் முதல் முறை.