படிக்கத் தெரியாத பாதி

தொண்ணூறாம் வருஷத்தை ஒட்டி இருக்கும். திருச்சுழியிலிருந்து வீரசோழன் போகிற ரோட்டில் ஒரு கிராமம். அதன் கண்மாய்க் கரையில் கரி மூட்டம் போட்டுக்கொண்டிருந்தேன். அதற்கு முன் லாரி கிளீனர், கிணறு வெட்டு, உப்பளம் என்று எங்கெங்கோ சுற்றியவன். ஒரு வேலையில் ஆறு மாதம் தாண்டினால் எனக்குக் கால் தரிக்காது. படிப்பு ஐந்தாம் வகுப்பில் பாதி. தமிழ் வாசிப்பேன். இங்கிலீஷ் எழுத்து தெரியாது.

மூட்டம் என்பது சீமைக் கருவேல விறகை அடுக்கி, மேலே தழையும் மண்ணும் பூசி, உள்ளே தீ வைப்பது. விறகு எரியக் கூடாது, வேக வேண்டும். எங்காவது விரிசல் விட்டுக் காற்றுப் புகுந்தால் கரியெல்லாம் சாம்பல். அதனால் ஒரு ஆள் நாள் கணக்கில் அங்கேயே உட்கார்ந்து புகையைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். அந்த ஆள் நான்.

மூட்டத்துக்கு எதிரே பள்ளிக்கூட மைதானம். புகையைப் பார்த்த நேரம் போக டிரில் டீச்சரைப் பார்த்தேன்.

முப்பது வயதைத் தாண்டியவர். கிறிஸ்தவக் குடும்பம், பாளையம்பட்டியிலிருந்து இரண்டு பஸ் மாறி வருகிறார், கல்யாணம் ஆகவில்லை. ஊருக்கு அவரைப் பற்றித் தெரிந்தது அவ்வளவுதான். ஆம்பளைகளே அண்ணாந்து பார்க்கிற உயரம். சேலைக்குக் கீழே கேன்வாஸ் ஷூ. பஸ் ஏறும்போது இடது காலை வைத்து வலது காலை இழுத்துக்கொள்வார்.

மைதானத்தில் ஒரு பனந்தூணை நட்டு, பழைய வண்டிச் சக்கரத்து இரும்பை ஆசாரியிடம் கொடுத்து வளையமாக அடித்து உச்சியில் மாட்டியிருந்தார். பிள்ளைகள் அதற்குள் பந்தைப் போட வேண்டும். டீக்கடையில் இதைச் சொல்லிச் சிரிக்காத நாள் இல்லை.

"கூடைப்பந்துங்கிறாக. கூடைய எங்கடா காணோம்?"

"அந்த வளையந்தான் மாமா கூடை."

"அடியில்லாத கூடையில எதப் போட்டாலும் கீழதானடா விழும்? இதச் சொல்லிக்குடுக்க ஒரு டீச்சரு, அதுக்கு ஒரு சம்பளம்!"

நானும் சேர்ந்து சிரித்தேன். ஆனால் சிரிக்க முடியாத ஒன்று என் கண்ணில் பட்டது. ஒருநாள் டீச்சர் மூட்டத்துக்கு வந்து, "அண்ணே, கோடு போட ரெண்டு சட்டி சாம்பல் குடுங்க. அப்படியே ஒரு கரித்துண்டும்" என்றார். சாம்பலால் மைதானத்தில் கோடு போட்டார். கரித்துண்டை வைத்து, பெண்பிள்ளைகளை ஒவ்வொருத்தியாகச் சுவரோரம் நிறுத்தி உயரம் குறித்தார். விரலை விரிக்கச் சொல்லிச் சாண் அளந்தார். கையை நீட்டச் சொல்லிப் பார்த்தார். சந்தையில் மாட்டுக்குப் பல் பிடித்துப் பார்க்கிறவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். அந்தப் பார்வைதான். கடைசியில் குட்டையான பிள்ளைகளை அனுப்பிவிட்டு உயரமான ஐந்து பேரை மட்டும் வைத்துக்கொண்டார்.

என் பதினோரு வயதில் ஒருவர் என் கையை இப்படித்தான் புரட்டிப் பார்த்தார். பரோட்டா வாங்கிக் கொடுத்து, பஸ் ஏற்றி, ரயில் ஏற்றி, வடக்கே ஒரு முறுக்குக் கம்பெனியில் விட்டார். நாலு வருஷம் எண்ணெய்ச் சட்டி முன்னால் கிடந்தேன். தப்பி வந்தபோது அம்மா உயிரோடு இல்லை. எங்கள் பக்கத்தில் பலருக்கு நடந்ததுதான் இது, புதிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அதற்குப் பிறகு, அடுத்தவர் பிள்ளையைப் பஸ் ஏற்றுகிற யாரையும் நான் நம்பியதில்லை.

தபால்காரர் பள்ளிக்கூடத்துத் தபாலை டீக்கடையில் போட்டுவிட்டுப் போவார். ஒரு வியாழக்கிழமை கடைக்காரர், "டீச்சருக்கு வந்திருக்கு, போறப்ப குடுத்திரு" என்று ஒரு கார்டை நீட்டினார். கார்டு என்றால் கை மாறுகிற எல்லோரும் படிப்பதுதான் அந்த ஊர் வழக்கம். நானும் படித்தேன்.

'சனிக்கிழமை பத்து மணிக்குள் பிள்ளைகளைக் கொண்டு வந்து சேர்த்துவிடு. உயரம்தான் முக்கியம். தாய் தகப்பனைக் கூட்டி வராதே, அழுது காரியத்தைக் கெடுப்பார்கள். பிடித்துவிட்டால் இங்கேயே வைத்துக்கொள்வார்கள்.'

அதற்குக் கீழே இங்கிலீஷில் இரண்டு வரி, மங்கலாக ஒரு ரப்பர் ஸ்டாம்பு. அது எனக்குப் படிக்கத் தெரியாத பாதி.

கார்டைக் கொடுத்தேன். டீச்சர் படித்தார். சுற்றிலும் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் கைப்பைக்குள் மடித்து வைத்தார். எனக்கு அது போதுமாக இருந்தது.

ஐந்து பேரில் ரொம்ப உயரமானவள் பத்தாவது படித்தாள். ஒரு வருஷம் பெயிலானவள் என்பதால் மற்றவர்களைவிட மூத்தவள். அவளுடைய அப்பாவுக்கு நாலு ஏக்கர் மானாவாரி. பத்தாவது முடிந்ததும் படிப்பை நிறுத்தி, பந்தல்குடியில் இருக்கிற தன் தங்கை மகனுக்குப் பேசி முடிக்க இருந்தார். மிளகாய்த் தோட்டத்தில் அவரைப் பிடித்துக் கார்டில் இருந்ததைச் சொன்னேன்.

"மதுரையில போட்டி, சாயங்காலம் திரும்பிருவோம்னுதானப்பா டீச்சர் சொன்னாக?"

"அங்கேயே வச்சுக்குவாகன்னு எழுதியிருக்கு அண்ணாச்சி. என் கண்ணால பாத்தேன்."

அவர் கையிலிருந்த மண்வெட்டியைக் கீழே போட்டார். சாயங்காலத்துக்குள் ஊருக்கே தெரிந்துவிட்டது, டீச்சரையும் அந்தப் பிள்ளைகளையும் தவிர. பஸ் ஏறுகிற இடத்தில் கையும் களவுமாகப் பிடிப்பது என்று பேசிக்கொண்டோம்.

சனிக்கிழமை விடிகாலை முதல் பஸ். மூட்டத்தை அப்படியே விட்டுவிட்டுப் போனேன். நாங்கள் ஆறு பேர் நின்றோம். முந்தின ராத்திரி பள்ளிக்கூடத்திலேயே தங்கிவிட்ட டீச்சர் ஐந்து பிள்ளைகளோடு வந்தார். உயரமான பிள்ளை கையில் பந்துப் பை.

"டீச்சரம்மா, புள்ளைகள எங்க கொண்டு போறீக?" என்றார் அவளுடைய அப்பா.

"மதுரைக்குத்தாண்ணே. சொன்னேன்ல."

"சாயங்காலம் எல்லாரும் திரும்பி வந்திருவீகளா?"

டீச்சர் உயரமான பிள்ளையைத் திரும்பிப் பார்த்தார். அந்தச் சில நொடியில் எங்கள் சந்தேகம் உறுதியாகிவிட்டது. ஆளாளுக்குக் கத்தினோம். கண்டக்டர் படியில் நின்றுகொண்டு, "சண்டை போடுறவுக கீழ நின்னு போடுங்க, போறவுக ஏறுங்க. எனக்கு டைம் ஆகுது" என்றார். திருச்சுழி போலீஸ் ஸ்டேஷனுக்குப் போவது என்று முடிவானது. பிடித்த நாங்களும் பிடிபட்ட டீச்சரும் ஒரே பஸ்ஸில் டிக்கெட் எடுத்துக்கொண்டு போனோம்.

ஏட்டையா கார்டை வாங்கி உரக்கப் படித்தார். 'பிடித்துவிட்டால்' என்ற இடத்தில் நிறுத்தி டீச்சரை ஏற இறங்கப் பார்த்தார். இங்கிலீஷ் வரிகளையும் ஸ்டாம்பையும் கண்ணுக்குக் கிட்டே கொண்டு போனார். "ஒண்ணும் வெளங்கல. இன்ஸ்பெக்டர் ஐயா வரட்டும்" என்று மேஜையில் வைத்துவிட்டார்.

"விளையாட்டு விடுதிக்கு ஆள் எடுக்கிறாங்க சார். பத்து மணிக்குள்ள போகணும்" என்று டீச்சர் மூன்று தடவை சொன்னார். "அதான் ஐயா வரட்டுங்கிறேன்ல" என்று மூன்று தடவையும் அவர் சொன்னார். எட்டு மணி ஆயிற்று, ஒன்பது ஆயிற்று. உயரமான பிள்ளை பந்துப் பையை மடியில் இறுக்கிக்கொண்டு சத்தம் வராமல் அழுதாள். டீச்சர் சொல்லிக் கொடுத்த நடிப்பு என்று நினைத்தேன்.

ஒன்பதரைக்கு, கோயில் திருவிழா பந்தோபஸ்துக்கு அருப்புக்கோட்டையிலிருந்து வந்திருந்த பெண் போலீஸ் ஒருவர் உள்ளே வந்தார். டீச்சரைப் பார்த்ததும் தொப்பியைக் கழற்றிவிட்டுச் சிரித்தார். முன்பல் ஒன்று பாதி இல்லை.

"ஏட்டையா, இவுகளையா பிடிச்சு வச்சிருக்கீக? என் பல்ல ஒடைச்ச கேஸுக்கா?"

"நீயாடி!" என்றார் டீச்சர். அதுவரை ஒரு மாதிரி இறுகிக் கிடந்த முகம் அப்போதுதான் இளகியது.

அந்தப் பெண் போலீஸ் சொல்லித்தான் எல்லோருக்கும் விவரம் தெரிந்தது. இரண்டு பேரும் மதுரையில் வெவ்வேறு பெண்கள் கல்லூரிக்குக் கூடைப்பந்து ஆடியவர்கள். எண்பதுகளின் தொடக்கத்தில் டீச்சர்தான் தன் கல்லூரிக்குக் கேப்டன். மாநில அணிக்கும் ஆடியிருக்கிறார்.

"பந்துக்கு எம்புனப்ப இவுக முழங்கை பட்டுப் பல்லு போச்சு. அது என் மொத வருசம். கடைசி வருசம் நான் குறுக்க விழுந்ததுல இவுக முழங்காலு போச்சு. அடுத்த மாசம் ரயில்வே வேலைக்குக் கூப்பிட்டாக. இவுக கட்டுப் போட்டுப் படுத்துக் கெடந்தாக. அதே ஆட்டத்தக் காட்டித்தான் எனக்குப் போலீஸ் வேலை கெடைச்சது."

"பல்லுக்கும் முழங்காலுக்கும் சரியாப் போச்சு, விடு" என்றார் டீச்சர்.

ஏட்டையா கார்டை டீச்சரிடமே நீட்டி, "நீங்க கெளம்புங்க" என்றார். பிள்ளைகள் டீச்சரின் வலது காலையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்கும் இது அன்றுதான் தெரியும்.

உயரமான பிள்ளையின் அப்பா மட்டும் விடவில்லை. "சரி டீச்சரம்மா. ஆனா அங்கேயே தங்கிப் படிக்கணும்னு ஏன் எங்கிட்ட சொல்லல?"

"சொன்னா விட்டிருப்பீகளா?"

"விட்டிருக்க மாட்டேன்."

"அதான் சொல்லல. சொல்லாதது என் தப்பு."

"நான்தான் சொல்ல வேணாம்னேன்ப்பா" என்றாள் அந்தப் பிள்ளை. "இந்த வருசம் விட்டா எனக்கு வயசு தாண்டிரும். சோறும் படிப்பும் அவுகளே தருவாக. நான் பந்தல்குடிக்குப் போகல."

அவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "நானும் வாரேன், நடங்க" என்றார்.

பஸ்ஸுக்கு இன்னும் நேரம் இருந்தது. நான் ஓடிப் போய், மதுரைக்குப் போய்க்கொண்டிருந்த எங்கள் முதலாளியின் கரி லோடு லாரியைக் கைகாட்டி நிறுத்தினேன். டிரைவர் தெரிந்தவர். டீச்சரை முன்னால் உட்காரவைத்து, மற்றவர்கள் கரி மூட்டைகளின் மேல் ஏறிக்கொண்டோம். லோடு வண்டி மெதுவாகத்தான் போயிற்று. மதுரையில் இறங்கியபோது மணி ஒன்றைத் தாண்டிவிட்டது. பிள்ளைகளின் வெள்ளைச் சட்டையும் முகமும் கறுப்பு.

கார்டு எழுதியவர் டீச்சரோடு ஆடிய பழைய தோழி. ஆள் எடுக்கிற மைதானத்தின் வாசலில் நின்றுகொண்டிருந்தார். எங்களை உள்ளே கூட்டிப் போனார். மேஜையை மடக்கிக்கொண்டிருந்த அதிகாரி, "லிஸ்ட் போயாச்சும்மா. ஒரு மணி நேரம் முன்னால வந்திருந்தாக்கூடப் பாத்திருக்கலாம்" என்றார்.

"சார், ஒரே ஒரு தடவ போட்டுக் காட்டவா?" என்று உயரமான பிள்ளை கேட்டாள். அவர் தோளைக் குலுக்கினார்.

அங்கே வளையத்தில் வலை கட்டியிருந்தது. அவள் தூரத்துக் கோட்டில் நின்று போட்டாள். பந்து வளையத்தில் படாமல் உள்ளே விழுந்து, வலையில் ஒரு கணம் நின்று இறங்கியது. அவளுடைய அப்பா தன்னை அறியாமல் "ஆங்!" என்றார். அதிகாரியும் பார்த்தார். "நல்லாத்தான் போடுது" என்றார். ஆனால் லிஸ்ட் போனது போனதுதான்.

திரும்பி வந்தபோது என் மூட்டம் வெடித்து, உள்ளே இருந்ததெல்லாம் சாம்பலாகிக் கிடந்தது. முதலாளி கணக்கை முடித்து அனுப்பிவிட்டார். திங்கட்கிழமை துணிப்பையைக் கட்டிக்கொண்டிருந்தபோது டீச்சர் வந்தார். கையில் இரண்டு சட்டி.

"சாம்பல் நெறைய இருக்கும் போலயே அண்ணே" என்றார்.

நானே அள்ளிக் கொடுத்தேன். சின்ன வயதில் என்னைக் கூட்டிப் போனவரைப் பற்றிச் சொன்னேன். முழுக்கக் கேட்டார்.

"சந்தேகப்பட்டது தப்புன்னு சொல்ல மாட்டேன். படிக்கத் தெரிஞ்ச பாதிய ஊருக்கே படிச்சுக் காட்டுனீக. தெரியாத பாதிய எங்கிட்ட வந்து கேட்டிருக்கலாம்ல? அதுல விடுதி பேரு, எத்தன வருசப் படிப்பு, எல்லாம் இருந்துச்சு."

சட்டிகளைத் தூக்கிக்கொண்டு காலை இழுத்து நடந்து போனார். கோபம் இருந்ததா என்று இன்றும் எனக்குத் தெரியாது.

அடுத்த வருஷம் மீதி நாலு பேரில் இரண்டு பேருக்கு இடம் கிடைத்ததாகவும், அவர்களைப் பஸ் ஏற்றிவிட அந்த அப்பாவே முன்னால் நின்றதாகவும் லாரி டிரைவர் சொன்னார். அவருடைய மகளின் படிப்பு மட்டும் பத்தாவதோடு நின்றது. இரண்டு வருஷம் கழித்துப் பந்தல்குடிக்கு வாழ்க்கைப்பட்டுப் போனாள்.

அதன் பிறகு எத்தனையோ ஊர் சுற்றிவிட்டேன். பஸ் ஸ்டாண்டில் யாராவது பிள்ளைகளைக் கூட்டமாகக் கூட்டிக்கொண்டு போனால் இன்றைக்கும் என் கண் அங்கேதான் போகும். அந்தப் புத்தி மாறவில்லை, மாற வேண்டும் என்றும் நான் நினைக்கவில்லை. ஆனால் இப்போது ஊரைக் கூட்டுவதில்லை. நேரே அவர்களிடம் போய்க் கேட்டுவிடுகிறேன், அதுவும் பஸ் கிளம்புவதற்குள். ஏனென்றால் நான் வீணாக்கிய அந்த ஒரு காலை நேரம் எனக்கு ஒரு மூட்டம் கரி, அந்தப் பிள்ளைக்கு அதுதான் எல்லாம்.