இருபது சென்டிமீட்டர் தண்ணீர்

வீடு வீடாகப் போய் வேலை பார்க்கிற உங்களுக்குத் தெரியாததில்லை, வேலையைவிட வீட்டுக்காரரைச் சமாளிப்பதுதான் பெரும்பாடு. தில்லியில் குழாய் வழியே சமையல் காஸ் வர ஆரம்பித்த வருஷங்களில், குழாயில் கசிவு உண்டா என்று பார்த்துக் கையெழுத்துப் போடுவது என் பிழைப்பு. கையெழுத்துப் போட்டால்தான் அடுப்பு எரியும். தப்பாகப் போட்டால் வீடே எரியும்.

ஒரு பக்கம்

கருவி பேர் மானோமீட்டர். ‘யு’ மாதிரி வளைந்த கண்ணாடிக் குழாய், பாதிக்குத் தண்ணீர். காஸ் வருமுன், இதை வீட்டுக் காஸ் குழாயில் மாட்டி அதற்குள் காற்றடித்தால் ஒரு பக்கம் தண்ணீர் இறங்கும், மறுபக்கம் ஏறும். பத்து இறக்கம், பத்து ஏற்றம், கூட்டினால் இருபது சென்டிமீட்டர். அதுதான் அழுத்தம். பத்து நிமிஷம் அசையாமல் நிற்க வேண்டும்.

ஐந்தாவதோடு படிப்பை விட்ட நான், முதல் வாரம் ஏறின பக்கத்தை மட்டும் பார்த்தேன். “பத்துதான் காட்டுது” என்று மேலும் அடித்தேன். தண்ணீர் பொங்கி மேஸ்திரி பல்வந்த் சட்டையில் விழுந்தது. அவர் துடைக்கக்கூட இல்லை. “பையா, தராசுல ஒரு தட்டை மட்டும் பார்த்துக் காய்கறி வாங்குவியா?”

இரண்டு மில்லிமீட்டர்

கிட்வாய் நகரில் ஒரு கும்பகோணத்து ஆபீசர். பத்து நிமிஷத்தில் தண்ணீர் இரண்டு மில்லிமீட்டர் நகர்ந்துவிட்டது. கையெழுத்துப் போட மாட்டேன் என்றேன்.

“எங்க ஆபீஸ்ல ஒரு ஃபைல் இவ்வளவு தூரம் நகர ஆறு மாசமாகும். இதைப் போய்ப் பெரிசு பண்றேளே!”

சோப்பு நுரை தடவினேன். பூஜை அலமாரிக்கு மேலே இருந்த இணைப்பில் ஒரு குமிழி மெதுவாக ஊதிப் பெருத்தது. சார் பாய்ந்து விளக்கை அணைத்தார். உள்ளே வெறும் காற்றுதான் என்றேன், காதில் வாங்கவில்லை. இணைப்பை முறுக்கிச் சரிசெய்தேன்.

“இன்னொரு தரம் பத்து நிமிஷம் பாருங்கோ. வேண்டாம், இருபதா பாருங்கோ.”

ஞானஸ்நான விருந்து

ஜனக்புரியில் நாகர்கோவில்காரம்மா ஒருத்தர், நர்ஸ். குழந்தைக்கு அன்று ஞானஸ்நானம். முப்பது பேருக்கு மத்தியானச் சாப்பாடு. சிலிண்டரையோ முந்தின நாளே திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். பால்கனியில் மானோமீட்டரை மாட்டிவிட்டு நானும் அந்தம்மாவும் காவல் நின்றோம். நாலாவது நிமிஷம் தண்ணீர் தடாலென்று சமமாகிவிட்டது. மறுபடி அடித்தேன், மறுபடி அதே கதை. குழாய் முழுக்க நுரை தடவினேன். ஒரு குமிழி இல்லை. மணி பன்னிரண்டு. அந்தம்மா கண் கலங்கிவிட்டது.

விசித்திரம் என்னவென்றால், நான் சமையலறையில் நின்றால் தண்ணீர் நிற்கிறது. பால்கனிக்கு வந்தால் விழுகிறது. மூன்றாம் தடவை பூனை மாதிரி போய் எட்டிப் பார்த்தேன். அந்தம்மாவின் புருஷன், பேங்கில் வேலை, அடுப்புத் திருகைத் திறந்துவைத்து லைட்டரைத் தட்டிக்கொண்டிருக்கிறார்.

“அடுப்பு பத்தவே மாட்டேங்குதுன்னு அப்பவே சொல்லலாம்னு இருந்தேன் அண்ணாச்சி. நீங்க ரெண்டு பேரும் தண்ணியையே பாத்துக்கிட்டு நின்னீங்க, எதுக்குத் தொந்தரவுன்னு விட்டுட்டேன்.”

ஆக, குழாயில் ஓட்டை தேடுமுன் சமையலறையில் ஆள் தேட வேண்டும் என்பதுதான் இந்தத் தொழிலில் நான் கற்ற வித்தை. அன்றைக்கு அந்த வீட்டில் நேரத்துக்குச் சாப்பிட்டது ஞானஸ்நானம் வாங்கிய குழந்தை ஒன்றுதான்.